கம்பளிப் பொம்மையும் நோன்பு திறக்கும் நேரமும்

ஆஷூரா நோன்பு பற்றி ருபைய்யிஃ பின்த் முஅவ்வித் (ரலி) அவர்கள் அறிவிக்கும் செய்தி புகாரி, முஸ்லிம் ஆகிய இரு தொகுப்புகளிலும் இடம்பெற்றுள்ளது. மதீனாவின் அன்ஸாரிப் பெண்கள் தாங்கள் நோன்பு வைத்ததோடு தம் சிறு குழந்தைகளையும் வைக்கச் செய்தனர் என்றும், கம்பளியால் பொம்மை செய்து வைத்துக்கொண்டு, உணவு கேட்டு அழும் குழந்தையின் கையில் அதைக் கொடுத்து, நோன்பு திறக்கும் நேரம் வரை அதன் கவனத்தைத் திருப்பி வைத்தனர் என்றும் அச்செய்தி கூறுகிறது. அரபிக் கல்லூரி வகுப்பில் இந்த ஹதீஸை நடத்தும்போது, பருவமெய்தாத குழந்தைக்கு நோன்பு கடமையில்லை, ஆயினும் பழக்குவது நன்று என்ற சட்டத்தை விளக்கிவிட்டு அடுத்த ஹதீஸுக்குச் சென்றுவிடுவதே நம் வழக்கம். அந்தப் பொம்மையை நாம் நின்று பார்த்ததில்லை.

சென்ற ஆண்டுகளில் ஒரு ரமளானில் பார்க்க நேர்ந்தது. பினாங்கில் வாழ்க்கைப்பட்ட நம் தமக்கை மகளின் குடும்பம் விடுமுறைக்குக் காஞ்சிபுரம் வந்திருந்தது. அவளுடைய மகள் பத்து வயதை எட்டியவள். அவ்வாண்டு ஒரு நோன்பையும் விடுவதில்லை என்று உறுதி கொண்டிருந்தாள். அஸருக்குப் பிறகு, பள்ளிவாசலிலிருந்து நோன்புக் கஞ்சித் தூக்கு வந்து சேரும் வரை, அவளும் நம் வீட்டுச் சிறு குழந்தைகளும் மலேசியாவின் கார்ட்டூன் தொடர் ஒன்றைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மலாய் வசனத்தை அவளே தமிழில் சொல்லிக்கொண்டு வந்தாள். ஒரு நாள் சட்டென்று அவள் கேட்டாள்: “நான் அஞ்சு வயசுல பார்த்தப்பவும் இவங்களுக்கு அஞ்சு வயசுதான். இவங்க எப்பப் பெரியவங்க ஆவாங்க?”

அந்தக் கேள்விக்கு நம்மிடம் உடனே விடை இருக்கவில்லை. அவள் ஊர் திரும்பிய பின் அத்தொடரை முதலிலிருந்து தேடிப் பார்த்தோம். அவ்வாறு பார்த்ததன் விளைவே இக்கட்டுரை. உருவப்படங்கள் பற்றிய ஃபிக்ஹ் விவாதத்துக்குள் இது நுழையவில்லை. அது அறிஞர்கள் விரிவாகப் பேசிய பொருள். நம் இல்லங்களில் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கும் ஒன்றை, ஓர் இலக்கியப் பிரதியை ஆராய்வது போல ஆராய்வதே நம் நோக்கம்.

முதல் ஆறு அத்தியாயங்கள்

தொடரின் பெயர் ‘உபின் – இபின்’. கோலாலம்பூரை அடுத்த ஷா ஆலமில் 2005ஆம் ஆண்டு தொடங்கப்பட்ட லெஸ் கொப்பாக் என்ற நிறுவனம் இதனைத் தயாரித்தது. புர்ஹானுத்தீன் மத் ரட்ஸி, அவர் துணைவியார் ஐனோன் ஆரிஃப் ஆகியோருடன், பல்கலைக்கழகப் படிப்பை முடித்திருந்த இளைஞர் சிலரும் இதன் உருவாக்கத்தில் இணைந்திருந்தனர். அவர்கள் உண்மையில் எடுக்க எண்ணியது ஒரு முழு நீளத் திரைப்படம். அதில் சிறு பாத்திரங்களாக வரவிருந்த இரட்டையரைத் தனியே பிரித்து, மக்கள் எவ்வாறு ஏற்கிறார்கள் என்று பார்ப்பதற்காக ஒரு குறுந்தொடர் செய்தார்கள். 2007ஆம் ஆண்டு செப்டம்பரில், ஹிஜ்ரி 1428 ரமளான் தொடக்கத்தில், டிவி9 அலைவரிசையில் அது ஒளிபரப்பாயிற்று. மொத்தம் ஆறே அத்தியாயங்கள். நம் தமிழ்நாட்டில் குழந்தைகளுக்கென்றே சுட்டி டிவி தொடங்கப்பட்டதும் அதே ஆண்டில்தான். ஒரே ஆண்டில் இங்கே வெளிநாட்டுத் தொடர்களைத் தமிழில் தரும் ஓர் அலைவரிசை பிறந்தது. அங்கே ஒரு கிராமத்து முஸ்லிம் வீடு தன் சொந்த மொழியில் பேசத் தொடங்கியது.

அந்த ஆறு அத்தியாயங்களின் தலைப்புகளே ஒரு பாடத்திட்டம் போன்றவை. ‘நாளை நோன்பு’ என்று தொடங்குகிறது. பின்னர் சோதனை என்ற பொருள்படும் ‘டுகாஆன்’, அடுத்து ‘நிக்மத்’, அடுத்து ‘தெராவே’ என்று செல்கிறது. நம் நிஃமத்தும் தராவீஹும் மலாய் நாவில் அடைந்த வடிவங்களே அவை. இறுதியில் பெருநாள் வருகிறது. கதை மிக எளியது. டுரியான் ருந்து என்னும் கம்பத்தில், ஓபா என்றழைக்கப்படும் பாட்டியோடும் ரோஸ் என்ற அக்காளோடும் வாழும் ஐந்து வயது அநாதை இரட்டையர் முதன்முறையாக நோன்பு வைக்க முயல்கிறார்கள். அவ்வளவுதான்.

இதில் நகைச்சுவை எங்கிருந்து பிறக்கிறது என்பதே நாம் கவனிக்க வேண்டியது. யாரும் வழுக்கி விழவில்லை. யாரும் யாரையும் அடித்துத் துரத்தவில்லை. பசியை முதன்முதலாகச் சந்திக்கும் குழந்தையின் மனம் தனக்குத் தானே சொல்லிக்கொள்ளும் சமாதானங்களிலிருந்து சிரிப்பு பிறக்கிறது. ஏன் உண்ணக் கூடாது, எதுவரை உண்ணக் கூடாது, நாள் ஏன் இவ்வளவு நீளமாக இருக்கிறது என்னும் கேள்விகள் நம் ஒவ்வொருவர் வீட்டிலும் அரை நோன்பு வைத்த குழந்தைகள் கேட்டவைதாம். நஃப்ஸ் என்று நம் பெரியோர் பெரிய நூல்களில் விளக்கிய ஒன்று இங்கே பொரித்த கோழியை எண்ணி ஏங்கும் சிறுவனாக நம் முன் அமர்ந்திருக்கிறது. அவனைப் பார்த்து நகைக்கும்போது நாம் நம்மைப் பார்த்தே நகைக்கிறோம்.

அத்துடன் பாட்டியும் அக்காளும் இருவகைக் கல்வியின் உருவங்களாக நிற்கிறார்கள். பாட்டி காரணம் சொல்லிப் பொறுமையாக அழைத்துச் செல்பவர். அக்காள் கண்டிப்பவள், கேலி செய்பவள், ஆனால் தாயின் இடத்தை நிரப்புபவள். தர்கீபும் தர்ஹீபும் ஒரே அடுக்களையில் அமர்ந்திருப்பதை இதைவிட எளிதாகக் காட்டிவிட முடியாது. பெற்றோர் இல்லாத வீடு என்பதைத் தொடர் உரக்கச் சொல்வதில்லை. ஆனால் பெருநாள் அன்று பெற்றோரின் கப்ருக்குச் செல்லும் குழந்தைகளைக் காணும்போது, அதுவரை நாம் நகைத்த அத்தனைக்கும் அடியில் ஒரு துயரம் ஓடியிருப்பதை உணர்கிறோம்.

காஞ்சிப் பட்டுச் சேலையின் உடலுக்கும் கரைக்கும் தனித்தனி ஊடை ஓடும். ஓட்டத்துக்கு ஓட்டம் இரண்டு ஊடையையும் ஒன்றோடொன்று கோத்து வாங்கி நெய்வதைக் கோர்வை என்பர். அதற்குத் தறியில் ஒருவர் போதாது. கரைக்கென்று உடன் அமரும் துணையாள் வேண்டும். அவ்வாறு நெய்த சேலையில் துணி கிழிந்தாலும் கரை பிரியாது என்பது நம் ஊர் நெசவாளர் பெருமையோடு கூறும் சொல். முதல் பருவத்தில் சிரிப்பும் படிப்பினையும் கோர்வையாக நெய்யப்பட்டிருந்தன. ஒன்றை எடுத்துவிட்டு மற்றதை வைத்துக்கொள்ள முடியாது.

ஓராண்டுக்குப் பின்

2008ஆம் ஆண்டு ரமளானில் இரண்டாம் பருவம் வந்தது. அதற்கு அவர்கள் இட்ட பெயர் ‘ஓராண்டுக்குப் பின்’. இப்பெயரை நாம் குறித்துக்கொள்ள வேண்டும். கதையில் காலம் நகர்ந்திருக்கிறது என்பதற்கு இது தயாரிப்பாளர்களே தந்த சான்று. குழந்தைகள் மழலையர் பள்ளியில் சேர்கிறார்கள். பிறை, லைலத்துல் கத்ர், ஸகாத்துல் ஃபித்ர் எனப் பாடம் முன்னேறுகிறது. சென்ற ஆண்டு பசியோடு போராடியவர்கள் இவ்வாண்டு அடுத்த படிக்கு வருகிறார்கள். மாணவனை ஆண்டுதோறும் அடுத்த கிதாபுக்கு ஏற்றும் மதரஸாவின் முறையே இது.

பள்ளிக்கூடம் வந்ததும் கம்பம் விரிகிறது. சீனச் சிறுமி மெய் மெய், பஞ்சாபிச் சிறுவன் ஜர்ஜித், தாய்க்கு உதவியாகக் கோழி விற்கும் மாயில், வசதியான வீட்டுப் பிள்ளை எஹ்ஸான், பின்னர் ஜகார்த்தாவிலிருந்து வந்து சேரும் சுசந்தி என வட்டம் பெரிதாகிறது. நம் தமிழரும் இருக்கிறார்கள். காளை மாட்டோடு திரியும் ராஜுவும் உணவுக்கடை நடத்தும் முத்துவும் இத்தொடரின் நிலையான பாத்திரங்கள். பிந்திய பருவங்களில் சீனப் புத்தாண்டும் தீபாவளியும் கதைப்பொருளாயின.

இந்த விரிவை வெறும் வணிக உத்தி என்று ஒதுக்குவோர் உண்டு. நாம் அவ்வாறு கருதவில்லை. நோன்பு என்பது ஒரு வீட்டுக்குள் மட்டும் நிகழ்வதன்று. நோன்பில்லாத தோழர் நடுவே நோன்பு வைத்திருக்கும் குழந்தையின் நிலை தனி அனுபவம். காஞ்சிபுரத்துக் குழந்தை அதனை நன்கு அறியும். கருட சேவைக்கு ஊரே திரளும் வைகாசியில் அதன் தோழர்கள் எல்லோரும் வரதராஜர் வீதியில் நிற்பார்கள். ரமளானில் அதே தோழர்கள் மதிய உணவு மணி அடித்ததும் அதன் முகத்தைப் பார்ப்பார்கள்.

இங்கே நம் குழந்தைக்கு ஒரு விசித்திரம் நேர்கிறது. தன் ஊரில் அது மார்க்கத்தால் சிறுபான்மை, மொழியால் பெரும்பான்மை. டுரியான் ருந்துவில் அதன் மார்க்கத்தினர் பெரும்பான்மை, அதன் மொழியினர் சிறுபான்மை. இரட்டையர் பாங்கு கேட்டு எழும்போது ‘இவர்கள் நம்மவர்’ என்கிறது. முத்து வாய் திறக்கும்போதும் ‘இவர் நம்மவர்’ என்கிறது. இரண்டு ‘நம்மவர்’களும் ஒரே திரையில் அண்டை வீட்டாராக இருப்பதை வேறெந்தத் தொடரும் அதற்குக் காட்டியதில்லை. இத்தொடருக்கு நாம் நன்றி கூற வேண்டிய இடம் இதுவே. கடுமையாகப் பார்க்க வேண்டிய இடமும் இதுவே. முத்துவின் மலாய் உச்சரிப்பு கேட்டுப் பெரும்பான்மை சிரிக்கும்போது, அது அவர் செயலுக்கான சிரிப்பா, அவர் நாவுக்கான சிரிப்பா என்ற கேள்வி எழுகிறது. நாவைப் பார்த்துச் சிரிக்கப்படுவது எத்தகையது என்பதை இந்நாட்டில் சிறுபான்மையாய் வாழும் நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. ஒரு கூட்டத்தார் மற்றொரு கூட்டத்தாரைப் பரிகசிக்கலாகாது என்னும் ஸூரத்துல் ஹுஜுராத்தின் கட்டளை, சிரிப்பவர் நம்மவராய் இருக்கும்போதும் பொருந்தும்.

நின்றுபோன காலம்

2009ஆம் ஆண்டு பிப்ரவரியில், அவர்கள் முதலில் எண்ணியிருந்த ‘கெங்’ என்ற முழு நீளப் படம் வெளிவந்தது. மலேசியாவின் முதல் முப்பரிமாணக் கணினி அசைவூட்டத் திரைப்படம் என்று அது அறியப்படுகிறது. அவ்வாண்டு முதல் தொடர் ரமளானுக்கு வெளியேயும் நீளலாயிற்று. மலேசியாவைவிடப் பன்மடங்கு மக்கள்தொகை கொண்ட இந்தோனேசியாவின் தொலைக்காட்சிகளும் அதனை ஏற்றன. பின்னர் யூடியூப் வழியாக அது எல்லா நாட்டு வீடுகளுக்குள்ளும் வந்தது. தொடக்கத்தில் இருந்த இளைஞர்களுள் நிஸாம் ரஸாக் உள்ளிட்ட சிலர் விலகிச் சென்று அனிமோன்ஸ்தா என்ற வேறொரு நிறுவனம் கண்டு, 2011இல் ‘போபோய்போய்’ என்ற தொடரைத் தந்தனர். இரட்டையருக்கு முதலில் குரல் கொடுத்த சிறுமியின் இடத்துக்கும் பின்னர் வேறு குரல்கள் வந்தன.

குரல் கொடுத்தவர் வளர்ந்தார்; எழுதியவர் பெயர்ந்தனர்; முதல் ரமளானில் அதைப் பார்த்த குழந்தைகள் இன்று தாமே பெற்றோராகும் வயதை எட்டியிருக்கிறார்கள். இரட்டையர் மட்டும் மழலையர் பள்ளியிலேயே இருக்கிறார்கள். ‘ஓராண்டுக்குப் பின்’ என்று ஒருமுறை நகர்ந்த காலம் அதன் பின் நகரவே இல்லை.

இதற்கான காரணம் விளங்காததன்று. முப்பரிமாண உருவம் ஒன்றைச் செய்து முடிக்கப் பெரும் உழைப்பும் செலவும் ஆகும். செய்துவிட்டால் அதனையே திரும்பத் திரும்ப இயக்கலாம். வயது ஏறினால் உருவம் மாற வேண்டும், குரல் மாற வேண்டும், சட்டையிலும் புத்தகப் பையிலும் அச்சிட்ட முகமும் மாற வேண்டும். ஆகவே உலகெங்கும் நீண்ட தொடர்கள் காலத்தை நிறுத்திவைத்தே நீள்கின்றன. 1989இல் தொடங்கிய அமெரிக்காவின் ‘சிம்ப்சன்ஸ்’ தொடரின் சிறுவன் பார்ட் முப்பது ஆண்டுகள் கடந்தும் பத்து வயதினனே. 2008இல் ஹைதராபாத்தின் கிரீன் கோல்டு நிறுவனம் தொடங்கிய ‘சோட்டா பீம்’ ஒன்பது வயதோடு லட்டு தின்றுகொண்டிருக்கிறான்.

ஆனால் அவர்களுக்கும் இவர்களுக்கும் ஒரு வேறுபாடு உண்டு. பீமின் வலிமைக்கு முடிவு தேவையில்லை. நாளை வேறொரு பகைவன் வருவான். உபினும் இபினும் தொடங்கியதோ ஒரு பயிற்சியில். பயிற்சி என்றாலே அது எங்கோ சென்று சேர வேண்டும். நோன்பு பழகும் குழந்தை ஒருநாள் நோன்பு கடமையான மனிதனாக வேண்டும். அந்த நாள் வராது என்று ஆகிவிட்ட பின், பயிற்சியே ஒரு விளையாட்டாகிவிடுகிறது. பிற்காலப் பருவங்களிலும் ரமளான் வருகிறது, பெருநாளும் வருகிறது. எனினும் முதல் பருவத்தில் அவர்கள் நோன்பைக் கற்றார்கள். பின்னர் அதனைக் கொண்டாடுகிறார்கள். கற்பதில் தோல்விக்கு இடமுண்டு, அதனால் பதற்றமும் சிரிப்பும் உண்டு. கொண்டாடுவதில் அலங்காரம் மட்டுமே மிஞ்சுகிறது.

பயிற்சியிலிருந்து பிறந்த நகைச்சுவை வற்றியபோது அதன் இடத்தை நிரப்பியது அரபியில் ‘லாஸிமா’ என்பார்களே, அந்த வழக்கச் சொல். எதைக் கேட்டாலும் இபின் ‘பெத்துல், பெத்துல், பெத்துல்’ என்று மும்முறை ஆமோதிப்பான். மாயில் எல்லாவற்றுக்கும் இரண்டு ரிங்கிட் விலை சொல்வான். ஜர்ஜித் எந்நேரமும் பாந்துன் கட்டுவான். தொடக்கத்தில் இவை வாழ்க்கையிலிருந்து வந்தவை. இரண்டு ரிங்கிட் என்று கூவும் சிறுவனுக்குப் பின்னால் உழைக்கும் ஒரு தாய் நின்றாள். வறுமையைச் சிரிப்பால் மூடிக்கொள்ளும் பிள்ளையின் கண்ணியம் அதில் இருந்தது. நூறாவது முறை கேட்கும்போது தாய் மறைந்துவிடுகிறாள்; ஓசை மட்டும் நிற்கிறது. குழந்தைகள் அந்த ஓசைக்காகவே காத்திருந்து சிரிக்கிறார்கள். 2014இல் ஜப்பானின் அல்ட்ராமேன் வரிசையைச் சேர்ந்த வீரன் ஒருவனும் இத்தொடருக்குள் வந்து அரக்கர்களோடு மோதினான். தராவீஹுக்கு நின்ற சிறுவர்கள் அவனை அண்ணாந்து பார்க்கிறார்கள். கரையும் உடலும் இங்கே கோர்வை அன்று. தனித்தனியே நெய்து பிற்பாடு தைத்தவை.

நியாயமாக ஒன்று கூற வேண்டும். 2019இல் வெளிவந்த ‘கெரிஸ் சியாமாங் துங்கால்’ திரைப்படம் மலாய் நாட்டுப்புறக் கதைமாந்தர் பலரை ஒன்றுசேர்த்துப் புதுக் கதை புனைந்தது. கைத்திறனில் அது முதல் பருவத்தைவிட எத்தனையோ மடங்கு உயர்ந்தது. முதல் பருவத்தின் உருவங்கள் அதன்முன் பொம்மை போலத் தோன்றும். ஆயினும் அந்த எளிய பொம்மைகள் பசித்திருந்தன, இவற்றுக்குப் பசியில்லை.

முடிவுடைய தொடரும் முடிவற்ற தொடரும்

நீண்ட நகைச்சுவைத் தொடர் என்பது நம் இலக்கிய மரபுக்குப் புதிதன்று. பதீஉஸ் ஸமான் ஹமதானி (மறைவு: 1008) மகாமாத் என்னும் வடிவத்தைத் தந்தார். ஊர் ஊராய் வேடம் மாற்றித் திரியும் ஒரு சொல்வல்லான், அவனைச் சந்தித்துச் சந்தித்து ஏமாறும் ஓர் அறிவிப்பாளன் என்பதே அதன் அமைப்பு. ஒவ்வொரு மகாமாவும் தனித்தனி அத்தியாயம். எதிலிருந்தும் தொடங்கலாம், எங்கும் நிறுத்தலாம். இன்றைய கார்ட்டூன் தொடரின் இலக்கணம் அன்றே எழுதப்பட்டுவிட்டது எனலாம்.

அவருக்குப் பின் வந்த பஸராவின் ஹரீரி (மறைவு: 1122) அதே வடிவில் ஐம்பது மகாமாக்கள் செய்தார். இன்று நாற்பத்தெட்டாவதாக உள்ளதே அவர் முதலில் எழுதியது என்றும், அது பெற்ற வரவேற்பினாலேயே மற்றவை எழுதப்பட்டன என்றும் கூறுவர். இரட்டையரின் தொடரும் இவ்வாறே, ஒன்றின் வெற்றியிலிருந்து பலவாகப் பெருகியது. ஆனால் ஹரீரி ஒரு காரியம் செய்தார். அவருடைய அபூ ஸைது ஸரூஜிக்கு வயது ஏறுகிறது. நாற்பத்தொன்பதாவது மகாமாவில் முதுமை கண்ட அவன் தன் மகனுக்குத் தன் தொழிலின் சூட்சுமங்களை வஸிய்யத்தாகச் சொல்கிறான். ஐம்பதாவதில் பஸராவின் பள்ளிவாசலில் நின்று, வழக்கம் போல வேடம் கட்டித் தனக்காக துஆ செய்யுமாறு மக்களைக் கேட்கிறான். அந்த துஆ உண்மையிலேயே அவனைப் பற்றிக்கொள்கிறது. வேடமாகத் தொடங்கிய தவ்பா மெய்யான தவ்பாவாகிவிடுகிறது. அத்தோடு நூல் முடிகிறது. நாற்பத்தொன்பது முறை நாம் நகைத்தவற்றுக்கெல்லாம் அந்த ஐம்பதாவது பொருள் தருகிறது.

ஹரீரியின் காலத்தவரான இமாம் கஸ்ஸாலி (மறைவு: 1111) இஹ்யாவில் நாவின் கேடுகளைப் பேசுமிடத்தில் பரிகாசத்தையும் ஆராய்கிறார். நபி (ஸல்) அவர்கள் நகைச்சுவையாகப் பேசியிருக்கிறார்கள், அதில் உண்மையன்றி வேறில்லை என்பதை ஏற்றுக்கொண்ட பின், அதனைச் சான்றாகக் காட்டிப் பரிகாசத்தையே ஒரு தொழிலாக்கி விடாது பற்றிக்கொள்வது பெரும் பிழை என்று எச்சரிக்கிறார். பெருநாள் அன்று அன்னை ஆயிஷா (ரலி) அவர்கள் அபிஸீனியரின் விளையாட்டைக் காண அனுமதிக்கப்பட்டதைக் கொண்டு, நாள் முழுதும் ஆட்டக்காரர் பின்னால் திரிவதை நியாயப்படுத்துபவனுக்கு அவனை ஒப்பிடுகிறார். தன்னளவில் ஆகுமான ஒன்று, முடிவின்றித் தொடர்வதாலேயே தன்மை மாறிவிடலாம் என்பது அவர் காட்டும் நுட்பம். தொடர்களைப் பற்றி இதைவிடக் கூர்மையான விமர்சன விதியை நாம் அறியோம்.

நம் மீதே திரும்பும் கேள்வி

இவ்வளவும் எழுதிய பின் ஒரு மறுப்பு நம் மனத்துள்ளேயே எழுகிறது. இரட்டையர் வளரவில்லை என்று குறை கூறுகிறோம். ஆனால் ஒவ்வோர் ஆண்டும் ஐந்து வயதுக் குழந்தைகள் புதிதாக வந்துகொண்டே இருக்கிறார்களே. அவர்களுக்கு ஐந்து வயதுத் தோழர் வேண்டாமா? நாமும் பல ஆண்டுகளாக முதல் வகுப்புக்கு அதே ஸர்ஃபுப் பாடத்தைத்தானே நடத்துகிறோம்? செய்தான், செய்தார்கள் என்று அதே வினை அதே வாய்பாட்டில் ஆண்டுதோறும் ஒலிக்கிறது. நம் சிரிப்புத் துணுக்குகளும் மாறவில்லை என்று மூத்த மாணவர்கள் கேலி பேசுவதுண்டு. பாடநூல் அங்கேயே நிற்கிறது. அதனைப் பாடநூலின் குறை என்று யாரும் சொல்வதில்லை. நூலின் வேலை நிற்பது. மாணவனின் வேலை அதனைக் கடந்து செல்வது.

இந்த மறுப்பில் உண்மை உண்டு. அதனை ஏற்கும்போது நம் குற்றச்சாட்டின் முகவரி மாறுகிறது. ருபைய்யிஃ (ரலி) அவர்களின் அறிவிப்பை மீண்டும் எண்ணிப் பார்த்தோம். அந்தக் கம்பளிப் பொம்மைக்குத் தான் எப்போது வர வேண்டும், எப்போது விலக வேண்டும் என்று தெரியாது. தாய்க்குத் தெரிந்திருந்தது. அவள் அதைத் தன் கையால் செய்தாள், குழந்தை அழும்போது கொடுத்தாள், நோன்பு திறக்கும் நேரம் வந்ததும் பொம்மையின் வேலை முடிந்தது. குழந்தையின் கை உணவுக்கு நீண்டது. அவள் அந்நேரமெல்லாம் அருகில் இருந்தாள், அவளும் நோன்பாளியாய் இருந்தாள்.

நம் பொம்மையை நாம் செய்யவில்லை. எங்கோ ஷா ஆலமில் செய்தார்கள். அதில் வியப்பில்லை. ஆனால் குழந்தை அழும் முன்பே அதைக் கொடுத்துவிடுகிறோம். கொடுத்துவிட்டு அறையை விட்டுப் போய்விடுகிறோம். பாங்கு ஒலித்த பின்னும் திரும்பப் பெற மறந்துவிடுகிறோம். முடிவில்லாமல் ஓடுவது தொடரின் இயல்பு. அதற்கு முடிவு வைப்பது வீட்டின் வேலை. ஐந்து வயதில் அதன் முதல் ஆறு அத்தியாயங்களைக் குழந்தையோடு அமர்ந்து பார்ப்பதை நாம் பரிந்துரைக்கத் தயங்க மாட்டோம். அவற்றைவிட நல்ல ரமளான் சித்திரத்தை நாம் கண்டதில்லை. முத்துவின் பேச்சுக்குக் குழந்தை சிரித்தால், எதற்காகச் சிரித்தாய் என்று கேட்டுப் பார்க்கலாம். பத்து வயதில் அது தானாகவே, இவர்கள் ஏன் வளரவில்லை என்று கேட்கும். அக்கேள்வி பிறந்த நாளே பொம்மையைத் திரும்பப் பெற வேண்டிய நாள்.

நம் தமக்கையின் பேர்த்திக்கு அன்று நாம் சொல்லத் தவறிய விடையை அடுத்த முறை அவள் வரும்போது சொல்ல எண்ணியுள்ளோம். உபினும் இபினும் பெரியவர்கள் ஆக மாட்டார்கள். அவர்களுக்கு நோன்பு ஒருபோதும் கடமையாகாது. அவளுக்கு ஆகும், அதற்கு இன்னும் நெடுநாள் இல்லை. அவ்வாண்டு அவள் ஒரு நோன்பையும் விடவில்லை என்று பினாங்கிலிருந்து செய்தி வந்தது. கடைசிப் பத்தில் அவள் தொடரைப் பார்க்கவே இல்லையாம். மஃரிபுக்கு முன் தம்பியின் பசியை மறக்கச் செய்ய அவனுக்குக் கதை சொல்லிக்கொண்டிருந்தாளாம். கம்பளிப் பொம்மை கைமாறிவிட்டது. அல்லாஹ்வே மிக அறிந்தவன்.